வெண்ணெய்த் தட்டுக்குப் பக்கத்தில் ஒரு சாவி

மால்கம் தன் கார்ச் சாவியை ஃப்ரிட்ஜுக்குள், வெண்ணெய்த் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துக் கதவைச் சாத்தினார். பிறகு ஒரு கையால் மேசையைப் பிடித்துக்கொண்டு குனிந்து, சுவரோரம் இருந்த அதன் சுவிட்சை அணைத்தார். அதுவரை இருப்பதே தெரியாமல் இருந்த ஓர் உறுமல் நின்றது. சமையலறை திடீரென்று பெரிதாகிவிட்டதுபோல ஜூடித்துக்குத் தோன்றியது.

"இன்னும் அந்தப் பழக்கத்தை விடலையா நீங்க?"

"விட்டா உங்க வீட்டுப் பால் கெட்டுப்போயிடும். படம் எடுக்கறப்போ இது உறுமினா ஒரு வார்த்தை உருப்படியா பதிவாகாது. அணைச்சுடலாம். ஆனா வேலை முடிஞ்சதும் திரும்பப் போட எவனுக்கு ஞாபகம் இருக்கும்? சாவி உள்ள இருந்தா, போடாம வீட்டுக்குப் போக முடியாது பாரு." மால்கம் நிமிர்ந்து இடுப்பைப் பிடித்துக்கொண்டார். "ஒரு தடவை உங்கப்பன் ஒரு பாதிரியார் வீட்டுல அணைச்சுட்டு அப்படியே வந்துட்டான். ஞாயித்துக்கிழமைக்குன்னு வாங்கி வச்ச ஆட்டுத்தொடை நாறிப்போச்சு. மன்னிச்சுட்டேன்னு கடுதாசி போட்டாரு பாதிரி. படிச்சா மன்னிச்ச மாதிரியே இல்ல."

முன்னறையிலிருந்து இருமல் வந்தது. இருமலுக்குப் பின்னால் குரலும் வந்தது.

"டேய், என்ன அங்க அரட்டை? எனக்கு நேரம் இருக்கு. என் நுரையீரலுக்குத்தான் இல்ல."

நெவில் ஆக்லண்டுக்கு எண்பத்திரண்டு வயது. மருத்துவமனையிலிருந்து கொடுத்தனுப்பிய கட்டிலை ஜன்னலைப் பார்த்துப் போட்டிருந்தார்கள். க்ளீதோர்ப்ஸ் கடற்கரையில் கடல் உள்வாங்கினால் கண்ணுக்கு எட்டாத தூரத்துக்குப் போய்விடும். அன்று பிற்பகல் வெளியே சேறும் அதன்மேல் வெளிச்சமும் மட்டுமே இருந்தன. அவருக்கு அதுவும் சரியாகத் தெரியாது. சில வருடங்களாகப் பார்வையின் நடுப்பகுதி மங்கிவிட்டது. எதைப் பார்த்தாலும் ஓரம் தெரியும், நடுவில் புகை. முகங்கள் அவருக்குக் காதும் தலைமுடியுமாகத்தான் வந்து நின்றன.

நாற்பது வருடங்கள் அவர் மற்றவர்களைப் படம் எடுத்தார். மீன் தொழிற்சாலைப் பெண்கள், சிறைக் காவலர்கள், பஸ் பணிமனை ஆட்கள், நடுக்கடல் எண்ணெய் மேடையில் வேலை செய்தவர்கள். ஒரு படத்திலும் அவர் முகம் வந்ததில்லை, குரலும் வந்ததில்லை. இப்போது ஒரு தொலைக்காட்சி நிலையம், அவர் வாயாலேயே நாலு வார்த்தை வேண்டும் என்று கேட்டிருந்தது. எதற்காக என்று யாரும் சொல்லவில்லை, எல்லோருக்கும் தெரியும். அவர் சம்மதித்ததுதான் ஜூடித்துக்கு ஆச்சரியம். தன் பழைய கேமராக்காரர் மால்கம் எடுத்தால் சரி என்றிருக்கிறார். மால்கம் ஓய்வுபெற்றுப் பத்து வருடமாகிறது.

"ஜூடி, நீ இந்த நாற்காலியில உக்காரு. கேமராவை ஒட்டி," என்றார் மால்கம். "அவன் கண்ணு எங்கயாவது நிக்கணும்ல."

"நான் என்ன கேக்கணும்?"

"ஒன்னும் கேக்க வேணாம். உங்கப்பன் என்னைக்கு யாரைக் கேட்டான்?"

"நான் செத்துப்போகல. எல்லாம் காதுல விழுது," என்றார் நெவில்.

மால்கம் சொன்னது உண்மை. கேட்காமல் இருப்பதுதான் அவருடைய தொழில் ரகசியம். எதிரே உட்கார்வார். ஆள் எதையாவது சொல்லி முடித்த பிறகும் அசையமாட்டார். கைகள் முழங்காலில், தலை கொஞ்சம் இடதுபக்கம் சாய்ந்திருக்கும், உதடுகள் லேசாகத் திறந்திருக்கும். அந்த மௌனத்தை யாராலும் நெடுநேரம் தாங்க முடியாது. மனைவியிடம் சொல்லாததை, பாவமன்னிப்புக் கூண்டில் சொல்லாததை, அந்த மௌனத்தில் கொண்டுவந்து போடுவார்கள். பள்ளி விடுமுறைகளில் அப்பாவோடு போகும்போது ஓரமாக ஒரு பெட்டியின்மேல் உட்கார்ந்து ஜூடித் இதைப் பார்த்திருக்கிறாள். எப்போதும் பக்கவாட்டிலிருந்து.

அவளுக்குப் பதினாலு வயதில் அம்மா இறந்தாள். நெவில் அப்போது எண்ணெய் மேடையில் இருந்தார். மூடுபனி, ஹெலிகாப்டர் பறக்கவில்லை. அம்மா காலையில் கண் திறந்து, "அப்பா வந்துட்டாரா?" என்று கேட்டாள். "வந்துட்டாரும்மா. பின்வாசல்ல பூட்ஸைக் கழட்டிட்டிருக்காரு," என்று ஜூடித் சொன்னாள். அம்மா தலையணையில் முகத்தைக் கதவுப் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டாள். அப்படியே போய்விட்டாள்.

அடக்கம் முடிந்த மாலை, சமையலறை மேசையில் அப்பாவும் மகளும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். நடுவில் தேநீர்க் கோப்பைகள். ஜூடித் அதைச் சொல்ல வாயைத் திறந்தாள். அப்போது ஓரக்கண்ணில் அவர் தலை இடதுபக்கம் சாய்வது தெரிந்தது. கைகள் முழங்காலுக்குப் போயின. அப்பா இப்போது வேலையில் இருக்கிறார் என்று அவள் நினைத்தாள். கோப்பையைப் பார்த்துக்கொண்டு வாயை மூடிக்கொண்டாள்.

பிறகு அது அப்படியே இருந்துவிட்டது. சண்டை ஒன்றும் இல்லை. கிறிஸ்துமஸுக்கு ஒருவர் வீட்டுக்கு ஒருவர் வந்தார்கள், போனார்கள், பேரன் பிறந்தபோது வந்து தூக்கி வைத்துக்கொண்டார். ஆனால் ஊர் உலகமெல்லாம் சொல்லக் காத்திருந்த அந்த மனிதரிடம் தான் மட்டும் தானாகப் போய்ச் சொல்வதில்லை என்று அவள் முடிவு செய்திருந்தாள். அவர் கேட்கட்டும். ஒரே ஒரு தடவை, வாயைத் திறந்து, அம்மாவைப் பற்றி ஒரு கேள்வி. கேட்டால் சொல்லிவிடுவாள். மூன்று வாரமாக இந்த வீட்டில் வந்து தங்கியிருந்தது அதற்காகவும்தான்.

மால்கம் நெவிலின் சட்டைக் காலரில் சின்ன மைக்கைக் குத்தினார். விளக்கைத் திருப்பி, கேமராவை விரல்களால் தடவியபடி வெளிச்சம் பார்த்து, அதன்மேல் முகத்தை ஒட்டிக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு பொத்தானை அமுக்கினார்.

"ஓடுது," என்றார்.

நெவில் பேச ஆரம்பித்தார். இருமல்கூட ஒதுங்கி நின்றது. மீன் தொழிற்சாலைப் பெண் கத்தியை நீட்டி, என் கையைப் படம் எடு, மூஞ்சி எதுக்கு என்று சொன்ன கதை. சிறைக் காவலர் கேமரா முன்னால் தூங்கிப்போன கதை. இவற்றை அவர் விருது மேடைகளில் சொல்லி ஜூடித் கேட்டிருக்கிறாள். எங்கே நிறுத்துவார், எங்கே சிரிப்பு வரும் என்று தெரியும். பளபளவென்று தேய்த்த கரண்டிபோல ஒவ்வொன்றும் வந்து விழுந்தது.

இருமல் வந்தபோதெல்லாம் மால்கம் பொத்தானை அமுக்கி நிறுத்தினார். ஜூடித் எழுந்து தலையணையைச் சரிசெய்தாள், வாயைத் துடைத்தாள்.

ஒரு கதையின் நடுவில், பக்கத்து வீட்டில் வேலி வெட்டும் மெஷின் அலற ஆரம்பித்தது.

"இந்த ஆளுக்கு இன்னைக்குத்தான் வேலி கண்ணுல பட்டுதா," என்று மால்கம் பொத்தானை அமுக்கினார். "நிறுத்திட்டேன். நான் போய்ப் பேசிட்டு வரேன். ஒரு சிகரெட்டுக்கு மசியற ஆளான்னு பாப்போம்."

விளக்கு வெக்கையாக இருந்தது. ஜூடித் தன் சாம்பல் நிறக் கம்பளிச் சட்டையைக் கழற்றி நாற்காலியின் முதுகில் மாட்டினாள்.

"அந்த டின் பேரிக்காய் இருந்தா கொஞ்சம் குடு," என்றார் நெவில்.

சமையலறையில் டின்னைத் திறந்து, பாகை வடித்து, அவரால் விழுங்க முடிகிற அளவுக்குப் பொடியாக வெட்டினாள். மெஷின் சத்தம் ஜன்னல் கண்ணாடியை அதிரவைத்தது. பிறகு நின்றது. ஃப்ரிட்ஜும் ஓடவில்லை. கத்தியைக் கையில் பிடித்தபடி அந்த அமைதியில் கொஞ்சநேரம் நின்றாள். எதற்கென்று தெரியவில்லை.

அவள் கிண்ணத்தோடு திரும்பி வந்தபோது நெவில் நாற்காலியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"சின்னதா வெட்டியிருக்கேன்," என்றாள் கதவருகிலிருந்து.

அவர் முகம் குரல் வந்த பக்கம் திரும்பியது. மறுபடி நாற்காலிக்குப் போனது. மறுபடி அவளிடம் வந்தது.

"நீ எப்ப எழுந்து போன?"

"பேரிக்காய் வேணும்னீங்களே."

"ஆமா." அவர் சிரித்ததுபோல இருந்தது. "ஆமா, அதுவும்தான்."

மால்கம் உள்ளே வந்தார். "சிகரெட்டுக்கு மசியல. நெவில் ஆக்லண்டுக்குன்னேன். அவரு நம்ம மாமனாரைப் படம் எடுத்தவராச்சேன்னு மெஷினைக் கீழ போட்டுட்டான். வா கிழவா, எங்க விட்ட?"

வேலை முடிந்ததும் ஃப்ரிட்ஜ் சுவிட்சைப் போட்டு, சில்லிட்ட சாவியை உள்ளங்கையில் தேய்த்துக்கொண்டே மால்கம் கிளம்பிப் போனார்.

மறுநாள் காலையில் செவிலி ஷெரில் வந்தாள். எல்லோரும் அவளுக்குக் கண்ணுதான்.

"என்ன கண்ணு, சினிமா ஸ்டார் ஆயிட்டீங்களாமே. இனிமே எங்களையெல்லாம் தெரியுமா?"

ஷெரில் நாடி பார்த்தாள், மருந்தின் அளவைக் கூட்டினாள், அவருடைய பாதத்தைப் போர்வைக்கு வெளியே எடுத்துப் பார்த்துவிட்டு மறுபடி மூடினாள். வாசலில் கோட்டை மாட்டிக்கொள்ளும்போது குரலைத் தாழ்த்தினாள்.

"இனிமே அதிகம் பேசமாட்டாரு. ஆனா காது கேக்கும் கண்ணு. கடைசிவரைக்கும் கேக்கும்னு சொல்லுவாங்க. ஏதாச்சும் சொல்லணும்னா இப்ப சொல்லிடு. நான் மத்தியானம் வரேன்."

ஜூடித் கட்டிலருகே உட்கார்ந்தாள். ஃப்ரிட்ஜின் உறுமல் சுவர் வழியாகக் கேட்டது. வெகுதூரத்தில் கடல் திரும்பி வரத் தொடங்கியிருந்தது. சேற்றின் வாய்க்கால்களில் வெள்ளிக் கோடுகள் ஏறின.

ஒரு சமயம் அவர் கண் திறந்தார். அவள் இருக்கும் பக்கம் தலை மெல்லத் திரும்பியது. இடதுபக்கம் சாய்ந்தது. உதடுகள் லேசாகத் திறந்தன.

அவள் ஜன்னலைப் பார்த்தாள். இப்பவுமா அப்பா, என்று நினைத்தாள். கேளுங்க. நான் இங்கதான் இருக்கேன். அவருடைய கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள். பேசவில்லை. அவரும் பேசவில்லை. இரண்டு பேரும் அதில் நன்றாகப் பழகியவர்களாகக் காத்திருந்தார்கள். கடல், சாலையோரச் சுவருக்கு அருகில் வந்தபோதுதான், கொஞ்சநேரமாகத் தான் மட்டுமே காத்திருப்பதை அவள் உணர்ந்தாள்.

ஷெரில் வந்து ஜன்னலைக் கொஞ்சம் திறந்து வைத்தாள். பிறகு தனக்கும் ஜூடித்துக்கும் தேநீர் போட்டாள்.

தகனத்துக்கு நாள் கிடைக்கச் சில வாரம் ஆயிற்று. வந்தவர்களில் பாதிப்பேரை ஜூடித்துக்குத் தெரியாது. முதியவர்கள், கைத்தடிகள், நல்ல கோட்டுகள். பிறகு பக்கத்து மண்டபத்தில் ஹாம் சாண்ட்விச்சும் தேநீரும் சாப்பிடும்போது ஒவ்வொருவராக அவளிடம் வந்தார்கள். மீன் தொழிற்சாலையில் இருந்த ஒரு கிழவி அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். விரல்களில் பழைய வெட்டுக்காயத் தழும்புகள்.

"என் மூத்த பிள்ளையைத் தத்துக் குடுத்தேன். வீட்டுக்காரருக்கே தெரியாது. உங்கப்பாகிட்டதான் முதன்முதலா சொன்னேன். அவரு ஒன்னும் கேக்கல. சும்மா உக்காந்திருந்தாரு. படத்துல போடவும் இல்ல. நான் போட வேணாம்னு சொல்லக்கூட இல்ல, அவரா போடல." கிழவி மூக்கை உறிஞ்சினாள். "உன்கிட்ட எவ்வளவோ பேசியிருப்பாரு. குடுத்து வச்சவ நீ."

"ஆமா," என்றாள் ஜூடித்.

மால்கம் தட்டில் எதையும் எடுத்துக்கொள்ளாமல் சுவரோரம் நின்றார். அவள் பார்த்தபோதெல்லாம் வேறு பக்கம் பார்த்தார். ஆனால் எல்லோரும் போன பிறகு அவளைக் காரில் ஏற்றி அப்பாவின் வீட்டுக்குக் கொண்டுவந்து விட்டவர் அவர்தான். வாசலில் விட்டுவிட்டுப் போகவில்லை. கேமராப் பையோடு பின்னாலேயே சமையலறைக்குள் வந்து, கோட்டைக் கழற்றாமல் நின்றார்.

"ஜூடி, உன்கிட்ட ஒன்னு சொல்லணும். டிவிக்காரங்க கிட்ட இன்னும் சொல்லல. உனக்குத்தான் மொதல்ல."

"உக்காருங்க."

"நின்னுட்டே சொல்லிடறேன். அன்னைக்கு எடுத்தேனே, அது இல்ல."

"இல்லன்னா?"

"தொடங்கறதுக்கும் நிறுத்தறதுக்கும் ஒரே பொத்தான். வெளிச்சம் பாக்கறப்போ என் கை பட்டு ஒரு அமுக்கு கூடப் போயிருக்கு. அப்பவே ஓட ஆரம்பிச்சிடுச்சு. அப்புறம் நான் ஓடுதுன்னு சொன்னப்பல்லாம் நின்னிருக்கு. நிறுத்திட்டேன்னு சொன்னப்பல்லாம் ஓடியிருக்கு. ஓரத்துல சின்னதா சிவப்பு விளக்கு எரியும். எனக்குக் கண்ணுல புரை." அவர் தொப்பியைச் சுருட்டினார். "ஒவ்வொரு கேமராக்காரனும் வாழ்க்கையில ஒரு தடவை இதைச் செய்வான். வேலைக்குச் சேர்ந்த மொத வாரத்துல செய்வான், மொதலாளி கிட்டத் திட்டு வாங்குவான், அதோட சரி. நான் இத்தனை வருஷம் தள்ளிப்போட்டு அவன்மேல கொண்டுவந்து செஞ்சிருக்கேன்."

ஜூடித்துக்குச் சிரிப்பு வந்தது. அது வந்த வேகம் அவளுக்கே பிடிக்கவில்லை.

"அப்போ அந்தக் கத்திக் கதை, தூங்கின காவலர் கதை?"

"ஒன்னும் இல்ல. ஒரு வார்த்தை இல்ல."

"போகட்டும் மால்கம். அதெல்லாம் எனக்கு மனப்பாடம். வேணும்னா நானே சொல்றேன் டிவிக்காரங்களுக்கு."

அவர் சிரிக்கவில்லை. "மத்தது இருக்கு," என்றார். "நடுவுல நடந்தது. நான் பாத்தேன். நான் பாத்திருக்கக் கூடாது. நீ பாரு."

லேப்டாப்பை மேசைமேல் வைத்துத் திறந்துகொடுத்துவிட்டு, பின்வாசல் பக்கம் போய் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்.

கட்டில், தலையணை, அப்பா. மால்கம் வைத்த காட்சி எப்போதும்போல நேராக இருந்தது. இருமுகிறார். ஒரு கை உள்ளே வந்து வாயைத் துடைக்கிறது, அவளுடைய கை. "ஏன் காலைச் சாய்ச்சு வச்சு நடக்கற?" என்கிறார் அப்பா. காட்சிக்கு வெளியே அவள் குரல்: "செருப்பு சரியில்ல." காட்சி அறுபடுகிறது. மறுபடி இருமல். "பூனைக்கு யாரு சோறு போடறா?" "பக்கத்து வீட்ல." மறுபடி அறுபடுகிறது. "நீ தூங்கறியா?" இதற்கு அவள் பதிலே சொல்லவில்லை, தலையணையைத் தட்டும் சத்தம் மட்டும் இருந்தது. இதையெல்லாம் அவர் அன்று கேட்டாரா என்று ஜூடித் யோசித்தாள். கேட்டிருக்கிறார். அவள் வேறொன்றுக்காகக் காது கொடுத்துக்கொண்டிருந்தாள்.

பிறகு மெஷின் அலறியது. நிறுத்திட்டேன் என்ற மால்கமின் குரல். பேரிக்காய். அவளுடைய காலடி விலகிப்போனது.

திரையில் அப்பா தனியாக இருந்தார். கேமராவுக்கு ஓரத்தில், அவளுடைய நாற்காலி இருந்த இடத்தைப் பார்த்தார். அங்கே என்ன இருந்தது என்று அவளுக்குத் தெரியும். முதுகில் மாட்டிய சாம்பல் நிறச் சட்டை. ஓரங்கள் மட்டும் தெரிகிற கண்ணுக்கு அது தோளும் கையுமாகத்தான் இருந்திருக்கும்.

அவர் அதை நோக்கிக் கொஞ்சம் முன்னால் சாய்ந்தார்.

"ஜூடி," என்றார். மெஷின் சத்தத்துக்கு மேலே, காலரில் குத்திய மைக்கில், குரல் காதோரம் பேசுவதுபோலக் கேட்டது. "அன்னைக்குச் சமையலறையில... அம்மாவை அடக்கம் பண்ணிட்டு வந்தோமே. நீ என்னவோ சொல்ல வந்த. வாயைத் திறந்த. நான் கேட்டிருக்கணும். கேக்கத் தெரியல எனக்கு." மூச்சு வாங்கினார். "என்ன சொல்ல வந்த?"

மெஷின் நின்றது.

அந்த அமைதியில் அவர் தலை இடதுபக்கம் சாய்ந்தது. கைகள் போர்வையின் மேலே முழங்காலைத் தேடிப் போயின. உதடுகள் லேசாகத் திறந்தன. ஆயிரம் பேர் எதிரே உட்கார்ந்து பார்த்த முகம். ஜூடித் பெட்டிமேல் உட்கார்ந்து பக்கவாட்டில் பார்த்த முகம். சமையலறை மேசையில் கோப்பையைப் பார்த்துக்கொண்டு அவள் பார்க்காமல் விட்ட முகம். நேருக்கு நேராக இப்போதுதான் பார்க்கிறாள். பிடிபட்டுவிட்ட பையனின் முகமாக அது இருந்தது.

அவர் காத்திருந்தார். சமையலறையில் அவள் கத்தியோடு நின்ற நேரம் முழுவதும் காத்திருந்தார்.

"சின்னதா வெட்டியிருக்கேன்," என்றது அவள் குரல்.

அவர் கண்கள் கதவுக்குப் போயின. நாற்காலிக்கு வந்தன. மறுபடி கதவுக்குப் போயின.

ஜூடித் படத்தை அங்கேயே நிறுத்தினாள். எழுந்து போய், குனிந்து, ஃப்ரிட்ஜ் சுவிட்சை அணைத்தாள். உறுமல் நின்றது. லேப்டாப்பை மேசையின் மறுபக்கத்துக்குத் திருப்பி வைத்து, தன் நாற்காலியை இழுத்து, திரையில் இருந்த அப்பாவின் முகத்துக்கு எதிரே உட்கார்ந்தாள். மேசையில் இருந்த தேநீர்க் கோப்பையை ஒரு பக்கமாக நகர்த்தினாள்.

சத்தம் நின்றதைக் கேட்டு மால்கம் திரும்பிப் பார்த்தார். கேமராப் பை அவர் காலடியில் இருந்தது. அதைத் தொடவில்லை. கோட்டுப் பைக்குள் கைவிட்டுச் சாவியை எடுத்து, ஓசைப்படாமல் நடந்துவந்து ஃப்ரிட்ஜைத் திறந்தார். உள்ளே விளக்கு எரியவில்லை. இருட்டில் தடவிப் பார்த்து, வெண்ணெய்த் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுக் கதவை மெல்லச் சாத்தினார்.